சிம்னிக்கு ஒரு கதவு

அக்டோபர் 26, ஞாயிறு

காலை ஆறு மணி. பெரிய அறை 12 டிகிரி, சின்ன அறை 11, வெளியே 10. ஆக எங்கள் வீட்டுச் சுவரும் ஓடும் கதவும் ஜன்னலும் சேர்ந்து எங்களுக்குச் செய்யும் உபகாரம் இரண்டே டிகிரி.

வெப்பமானி பள்ளி ஆய்வகத்துடையது. திருட்டு அல்ல. ஏழு வருஷத்துக்கு முன்பே பதிவேட்டில் ‘உடைந்தது’ என்று எழுதியாகிவிட்டது. எழுதிய பிறகும் அது உடையாமல் இருந்தால் ஆய்வக உதவியாளரான நான் என்ன செய்ய முடியும்?

கோத்தகிரிக்கு வாழ்க்கைப்பட்டு வந்து இருபத்தொன்பது வருஷம். குளிர் எனக்குப் பழக்கம், பிடிக்கும் என்றுகூடச் சொல்வேன். இப்போது திடீரென்று டிகிரி கணக்கு எடுப்பதற்குக் காரணம் என் மகள் மேகலாவின் மாமியார், சம்பந்தியம்மா. நேற்று பொள்ளாச்சியிலிருந்து போன்.

“கட்டுச்சோறு கொண்டாங்க அம்மிணி, சந்தோசமாச் சாப்பிடறோம். ஆனா மேகலாவ அங்க அனுப்பறதுக்குத்தான் எனக்கு மனசு வர மாட்டீங்குது. தை மாசக் குளிருல பச்சப் புள்ளைய எப்படிங்க வெச்சிருப்பீங்க? பிரசவம் எங்க ஊர்லயே ஆகட்டுமுங்க.”

ஒன்பதாம் மாதத்தில் பெண்வீட்டார் சோறு ஆக்கிக் கட்டிக்கொண்டு போய், விருந்து போட்டு, பெண்ணைத் தலைப்பிரசவத்துக்குக் கூட்டிவருவதற்குப் பெயர்தான் கட்டுச்சோறு. சோற்றை வாங்கி வைத்துக்கொண்டு பெண்ணைத் தரமாட்டேன் என்பது எந்த ஊர் வழக்கம்?

அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. “டிவில பாத்தனுங்க, ஊட்டிப் பக்கம் கரியைப் போட்டுக் கதவச் சாத்திட்டுப் படுத்த குடும்பம்...” என்று ஆரம்பித்தார். நான் போனை வைத்துவிட்டேன். சிக்னல் போய்விட்டது என்று பிறகு சொல்லிக்கொள்ளலாம்.

என் பெயர் வள்ளிநாயகி, சம்பந்தியம்மா பெயர் தெய்வானை. பத்துப் பொருத்தம் பார்த்த ஜோசியருக்கு இந்தப் பதினொன்றாவது பொருத்தம் மட்டும் கண்ணில் படவில்லை.

அக்டோபர் 27, திங்கள்

மார்கழி டிசம்பர் 16-ல் பிறக்கிறது. அதற்குள் கட்டுச்சோறு முடிய வேண்டும். தை பிறந்தால் பிரசவம். ஆக எனக்கு இருப்பது ஏழு வாரம்.

எங்கள் வீடு ஒரு காலத்தில் ஒரு வெள்ளைக்காரர் கட்டிய பங்களாவின் கால் பாகம். நாலு குடும்பத்துக்குப் பிரித்து விற்றபோது எங்கள் பங்குக்கு அவர்கள் சாப்பிட்ட அறையும், பக்கத்தில் ஒரு சின்ன அறையும், சமையலறையும் வந்தன. பெரிய அறைச் சுவரில் குளிர்காயும் அடுப்பு, அதற்கு மேலே ஓடு தாண்டிப் போகும் சிம்னி. இத்தனை வருஷமாக அந்த அடுப்பில் பழைய பேப்பரும் குக்கர் டப்பாவும்தான் குளிர்காய்கின்றன. நெருப்பு வைத்ததில்லை.

இன்று சாயங்காலம் என் வீட்டுக்காரரிடம் சொன்னேன். “இரும்புல விறகு அடுப்பு ஒண்ணு செஞ்சு, அந்த இடத்துல வெச்சு, சிம்னி வழியா குழாய் விட்டுடலாங்க. அறை முழுக்கச் சூடாயிடும்.”

அவர் வேஷ்டி மடித்துக்கொண்டிருந்தவர் நிறுத்திவிட்டு என்னையே பார்த்தார். மின்வாரியத்தில் கம்பம் ஏறும் மனுஷர், அவசரப்பட்டு எதற்கும் வாய் திறக்கமாட்டார்.

“நீயா சொல்றே?”

“நாந்தான் சொல்றேன்.”

வேஷ்டியை அப்படியே போட்டுவிட்டு, செருப்பை மாட்டிக்கொண்டு அப்போதே ஷாஜகான் பாய் பட்டறைக்குப் போய்விட்டார்.

நவம்பர் 1, சனி

பெரிய அறை 12. சிம்னி சுத்தம் செய்தோம். அவர் ஓட்டின் மேல் ஏறி மூங்கிலில் சாக்குக் கட்டி இடித்தார். நான் கீழே முகத்தில் துண்டு கட்டிக்கொண்டு நின்றேன். தலைமுறை தலைமுறையாக மைனாக்கள் கட்டிய கூடு இரண்டு மூட்டை சுள்ளியாக இறங்கியது. கூடவே கரி, செத்த வௌவால் ஒன்று, பச்சை பிளாஸ்டிக் சீப்பு ஒன்று. சீப்பு எப்படி அங்கே போயிற்று என்று இருவரும் அரை மணி நேரம் யோசித்தோம்.

குளித்த தண்ணீர் மூன்றாவது வாளியிலும் கறுப்பாகவே போனது.

நவம்பர் 8, சனி

அடுப்பு வந்துவிட்டது. கனத் தகட்டில் செய்த பெட்டி, நாலு கால், முன்னால் ஒரு கதவு, கதவில் காற்றைக் கூட்டவும் குறைக்கவும் ஒரு திருகு. நாலு பேர் தூக்கிவந்தார்கள். பாய் அதைத் தட்டிக்காட்டி, “டீச்சரம்மா, உங்க பேத்தி கல்யாணத்துக்கும் இது இருக்கும்” என்றார். நான் டீச்சர் இல்லை என்று அவருக்குப் பத்து வருஷமாகச் சொல்கிறேன். பேத்தியா பேரனா என்றும் யாருக்கும் தெரியாது.

மேலே மூன்றடிக் குழாய் வைத்துச் சிம்னியின் வாய்க்குள் செருகிவிட்டு, சீகைமரக் கட்டையைப் போட்டுப் பற்றவைத்தோம்.

பத்து நிமிஷம் நன்றாக எரிந்தது. பிறகு மலைக்காற்று ஒன்று வந்தது. குழாய் வழியாக மேலே போன புகை, சுற்றியிருந்த அகன்ற ஓட்டை வழியாக எங்களையே விசாரிக்க இறங்கி வந்தது. கண்ணைக் கசக்கிக்கொண்டு மூன்று பேரும் வாசலுக்கு ஓடினோம். பாய்தான் முதலில்.

இரண்டு மணி நேரம் எரித்து 13 டிகிரி. ஒரு டிகிரிக்கு அரை மூட்டை விறகு. சூடு முழுக்கச் சிம்னியோடு ஆகாயத்துக்குப் போய்விட்டது. கோத்தகிரி வானத்தைச் சூடாக்கிய புண்ணியம் எங்களுக்கு.

நவம்பர் 9, ஞாயிறு

காலையில் உட்கார்ந்து படம் போட்டேன். விஷயம் கஷ்டமானதல்ல. குழாய் சிம்னியின் உச்சி வரை போக வேண்டும். கீழே, குழாயைச் சுற்றியிருக்கும் சிம்னி வாயை இறுக அடைக்க வேண்டும். அடைத்தால் அறைச் சூடு மேலே போகாது, சிம்னிக் காற்றும் கரியும் கீழே வராது. புகைக்குக் குழாய் மட்டும்தான் வழி.

அடைக்க வேண்டும். அவ்வளவுதான். மாசாணம் மேஸ்திரிக்கு அரை நாள் வேலை.

அடைப்பது என்று எழுதியதும் என்னவோ பேனாவை மூடிவைத்துவிட்டுப் போய் ஜன்னலைத் திறந்து கொஞ்ச நேரம் நின்றேன். 12 டிகிரிக் காற்று. நன்றாக இருந்தது.

நவம்பர் 12, புதன்

மேஸ்திரி வந்தார், குனிந்து சிம்னிக்குள் தலையைவிட்டுப் பார்த்தார், அளந்தார், காப்பி குடித்தார். எதற்காக இந்த அவசரம் என்று கேட்டார். மகள் பிரசவத்துக்கு வருகிறாள் என்று பெருமையாகச் சொன்னேன். டம்ளரைக் கீழே வைத்துவிட்டார்.

“பொண்ணு மாசமா இருக்குதுங்களா?”

“ஆமா, ஒன்பதாவது வரப்போகுது.”

“அப்பறம் என்னைய எப்படிங்க கூப்பிட்டீங்க? மாசமா இருக்கற பொண்ணு காலடி வெக்கப்போற வூட்ல இருக்கற ஓட்டைய அடைக்கறதாங்க? வழி அடைஞ்சு போவுமுங்க. நீங்க நூறு ஓட்டை போடச் சொல்லுங்க, இப்பவே போடறேன். அடைக்கறது மட்டும் என் கையால ஆவாதுங்க.”

எலிப் பொந்தைக்கூட அடைக்கமாட்டாராம். அவர் மனைவி மாசமாக இருந்த மூன்று தடவையும் அவர் வீட்டில் எலிகளுக்குச் சீமந்தம்தான்.

நான் ஆய்வகத்தில் இருபத்தாறு வருஷமாகக் குடுவை கழுவுகிறவள். இதெல்லாம் எனக்கு நம்பிக்கை இல்லை. ஆனால் மனசாட்சிப்படி எழுதுகிறேன்: நாளைக்கு மேகலாவுக்கு ஏதாவது ஒன்று என்றால் ஊர் முழுக்க இந்த ஓட்டையைத்தான் சொல்லும். நானும் உள்ளுக்குள் இதைத்தான் சொல்லிக்கொள்வேன். ஏற்கெனவே ஒன்றைச் சொல்லிக்கொண்டிருப்பது போதும்.

நவம்பர் 15, சனி

மேஸ்திரி இல்லாவிட்டால் என்ன, எங்களுக்குக் கை இல்லையா? என் வீட்டுக்காரர் உச்சி வரை குழாய் ஏற்றி, மேலே மழைக்குத் தொப்பி வைத்துவிட்டார். கம்பம் ஏறியவருக்குச் சிம்னி என்ன பெரிய உயரம். பிறகு குழாயைச் சுற்றி ஒரு கம்பி வலை கட்டி, ஒரு மூட்டை சிமெண்ட் குழைத்து இருவரும் பூசினோம். சிமெண்ட் பாதி என் தலையில் விழுந்தது. கல்யாணமான புதிதில்கூட நாங்கள் இவ்வளவு சிரித்ததில்லை.

யாருக்கும் தெரியாமல் செய்ததால் கொஞ்சம் பயம். எதிர்வீட்டுக்காரர்கள் கேட்டால் அலமாரி பூசுகிறோம் என்று சொல்ல ஏற்பாடு.

நவம்பர் 20, வியாழன்

சிமெண்ட் காய ஐந்து நாள் பொறுத்தோம். இன்று பற்றவைத்தோம். இரண்டு மணி நேரத்தில் 16. அதற்கு மேல் ஏறவேயில்லை. படீரென்று ஒரு சத்தம் வேறு.

அடுப்பு ஆறியதும் தூபக்காலில் சாம்பிராணி போட்டு, பூசிய இடத்துக்குக் கீழே பிடித்தேன். அடைப்பு சரியாக இருந்தால் புகை முட்டிக்கொண்டு பக்கவாட்டில் பரவ வேண்டும். இது நேராக மேலே போய், நூல் நூலாக வெடிப்புகளுக்குள் நுழைந்தது. சாக்பீஸால் ஒவ்வொன்றுக்கும் எண் போட்டேன். பதினொன்று.

சாதாரண சிமெண்ட் அந்தச் சூட்டைத் தாங்காது என்பது ஒன்பதாம் வகுப்புப் பாடம். நானே எத்தனை தடவை பிள்ளைகளைத் திட்டியிருக்கிறேன். பதினொன்றாவது வெடிப்பின் பக்கத்தில் உட்கார்ந்து அழுதுவிட்டேன். அவர் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

“விட்டுரலாமா வள்ளி? பொள்ளாச்சிலயே ஆகட்டும். நீ அங்க போயி இரு.”

“என் பொண்ணு என் வீட்டுக்கு வருவா.”

“அதுக்குச் சொல்லலை.”

“எதுக்குச் சொன்னீங்கன்னு எனக்குத் தெரியும்” என்று சொல்லிவிட்டு எழுந்து சோறு வைக்கப் போனேன்.

நவம்பர் 21, வெள்ளி

மேகலா போன் செய்தாள். அத்தை நன்றாகப் பார்த்துக்கொள்கிறார், ஆனால் மூன்று வேளையும் கேப்பைக் களி என்றாள். “எப்பம்மா வந்து கூட்டிட்டுப் போவீங்க?” என்று கேட்டாள். பன்னிரண்டாம் தேதி என்று சொல்லிவிட்டேன். சொன்ன பிறகுதான், யாரைக் கேட்டுச் சொன்னேன் என்று யோசித்தேன்.

நவம்பர் 23, ஞாயிறு

ஷாஜகான் பாய் வீட்டுக்கு வந்து வெடிப்பைப் பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டார். “என்கிட்ட கேக்காம எதுக்கு டீச்சரம்மா சிமெண்ட் பூசினீங்க? கனமான தகடு வெட்டி, நடுவுல குழாய்க்கு ஓட்டை விட்டு, சுவத்துல போல்ட் அடிச்சு மாட்டிரலாம். இடுக்குக்குத் தேயிலை ஃபேக்டரி ஹீட்டர்ல பூசறாங்களே, அந்தக் களிமண். சூடு ஏற ஏற இறுகும். ஆனா ஒண்ணு, தகட்டுல ஒரு கதவு வெச்சே ஆகணும். வருஷத்துக்கு ஒருக்கா மேல சேர்ற கரியை அது வழியாத்தான் எடுக்கணும்.”

“என்ன சொன்னீங்க?”

“கரியை எடுக்கணும்னேன்.”

“அதுக்கு முன்னாடி.”

“ஒரு கதவு வெக்கணும்னேன்.”

நான் சால்வையைப் போர்த்திக்கொண்டு நேரே மாசாணம் மேஸ்திரி வீட்டுக்குப் போனேன். அவர் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். அப்படியே நின்றபடி கேட்டேன்: ஓட்டையை அடைக்கவில்லை, அதற்கு ஒரு கதவு வைக்கிறோம், கீல் உண்டு, தாழ்ப்பாள் உண்டு, வேண்டும்போது திறக்கலாம். இதற்கு உங்கள் சாஸ்திரம் என்ன சொல்கிறது?

மேஸ்திரி ஒரு கவளத்தை மென்று முடிக்கும் வரை யோசித்தார். வாழ்க்கையில் எந்தத் தேர்வு முடிவுக்கும் நான் அப்படிக் காத்திருந்ததில்லை.

“கதவு வெச்சா அது வாசலுங்க. வாசலச் சாத்தறதுல என்னங்க குத்தம்? தெனம் வூட்டுக் கதவ சாத்தறதில்லையா? நாளைக்குக் காலைல வந்தர்றேன்.”

நவம்பர் 24, திங்கள்

லீவு போட்டேன். எங்கள் சிமெண்டை மேஸ்திரி ஒரே தட்டில் உதிர்த்தார். யார் பூசியது என்று கேட்கவில்லை, நல்ல மனுஷர். தகடு ஏறியது. குழாயைச் சுற்றிச் சூடு தாங்கும் கயிறு, அதன் மேல் களிமண், சுவரோரம் களிமண். கதவின் விளிம்பிலும் கயிறு. தாழ்ப்பாள் போட்டால் ‘டக்’ என்று உட்காருகிறது.

அது முடிந்ததும், “மேஸ்திரி, அந்த வெளிச்சுவர்ல அடுப்புக்குப் பக்கமா தரையோரம் ஒரு ஓட்டை போடுங்க. நாலு அங்குலம். வலை வெச்சிருங்க” என்றேன்.

மூன்று ஆண்களும் என்னைப் பார்த்தார்கள். குளிரை வெளியே தள்ள ஒரு மாசமாக உயிரை விட்டுவிட்டு, இப்போது குளிருக்கு நானே வழிவெட்டுகிறேன் என்று பாய் சிரித்தார்.

“நெருப்புக்குக் காத்து வேணும். அறைல இருக்கற காத்தைக் குடிச்சா, அப்பறம் அறைல இருக்கறவங்களுக்கு என்ன இருக்கும்? அந்த ஓட்டையை யாரும் எக்காரணம் கொண்டும் துணி வெச்சு அடைக்கக் கூடாது.”

நான் கத்திவிட்டேன் போலிருக்கிறது. பாய் சிரிப்பதை நிறுத்திவிட்டார். என் வீட்டுக்காரர்தான், “போட்டுருங்க மேஸ்திரி, அவ சொன்னபடி” என்றார்.

மேஸ்திரிக்கு ஒரே சந்தோஷம். ஓட்டை போடுவது என்றால் அவருக்கு ஆட்சேபணையே கிடையாதே.

நவம்பர் 26, புதன்

ஆன்லைனில் சொல்லியிருந்த எச்சரிக்கைக் கருவி வந்தது. உள்ளங்கை அளவு வெள்ளை டப்பா. நெருப்பிலிருந்து வரும், கண்ணுக்குத் தெரியாத, நாற்றமில்லாத விஷவாயு அறையில் சேர்ந்தால் கத்தும். இரண்டு வாங்கினேன். ஒன்று போதாதா என்று கூரியர்காரர்கூடக் கேட்டார். ஒன்று கெட்டுப்போனால்?

புகை நல்லது. கண் எரியும், இருமல் வரும், திட்டிக்கொண்டே வெளியே ஓடலாம். மற்றது அப்படி அல்ல. அதைப் பற்றி இங்கே எழுதப்போவதில்லை.

நவம்பர் 29, சனி

மதியம் இரண்டுக்குப் பற்றவைத்தேன். 13.

இரண்டரை: 15.

மூன்று: 17.

மூன்றரைக்குச் சாம்பிராணி பிடித்துப் பார்த்தேன். புகை தகட்டில் போய் முட்டியது, வழி தேடியது, கிடைக்காமல் நாலாபக்கமும் பரவிக் கீழே வந்தது. ஒரு நூல்கூட உள்ளே போகவில்லை. சாக்பீஸுக்கு வேலையே இல்லை.

நாலு: 19. ஸ்வெட்டரைக் கழற்றினேன்.

ஐந்து: 22.

இருபத்திரண்டு. இன்னொரு தடவை எழுதிக்கொள்கிறேன், 22. வெளியே 11. இரண்டு கருவியிலும் பூஜ்யம். அவர் பனியனோடு உட்கார்ந்திருந்தார். கோத்தகிரியில், நவம்பர் கடைசியில், பனியனோடு. என் கை, கால், மூக்கு நுனி எல்லாம் சூடாக இருந்தது. இந்த அறையில் நானும் இருபத்தொன்பது வருஷமாகக் கூனிக்குறுகித்தான் நடந்திருக்கிறேன் என்பது இன்று நிமிர்ந்தபோதுதான் தெரிந்தது.

எழுந்து நின்று இருவரும் கைதட்டினோம். யாருக்கு என்று தெரியாது. அடுப்புக்காக இருக்கலாம்.

டிசம்பர் 3, புதன்

கார்த்திகை தீபம். அகல் ஏற்றி முடித்ததும் சம்பந்தியம்மாவுக்குப் போன் போட்டேன். வீட்டில் 22 டிகிரி, புகை கிடையாது, வந்து பாருங்கள் என்றேன்.

“சொல்றதக் கேட்டு அனுப்பற ஆளு நானில்லீங்க. சனிக்கெழமை வாரேன். ஒரு நாளு தங்கிப் பாத்துட்டுத்தான் சொல்லுவேன்.”

“வாங்க, வாங்க” என்றேன். வைத்துவிட்டுப் போய்த் தகட்டின் தாழ்ப்பாளை இன்னொரு தடவை சரிபார்த்தேன்.

டிசம்பர் 6, சனி

மாப்பிள்ளை நவீன் காரில் கொண்டுவந்து விட்டுவிட்டு, வேலை இருக்கிறது என்று அப்போதே மலை இறங்கிவிட்டார். அம்மாவுக்கும் மாமியாருக்கும் நடுவில் நிற்பதைவிட கொண்டை ஊசி வளைவுகளே மேல் என்று நினைத்திருப்பார்.

தெய்வானையம்மா வந்த கோலம்: இரண்டு ஸ்வெட்டர், ஒரு சால்வை, குரங்குத் தொப்பி, கையுறை, காலுறைக்கு மேல் காலுறை. அடுப்புக்கு எதிர் நாற்காலியில் உட்கார்ந்தார். நான் முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தேன். கால் மணியில் கையுறை போனது. பிறகு தொப்பி. பிறகு சால்வை. முதல் ஸ்வெட்டர் கழன்றபோது நான் கீரையில் முகத்தைப் புதைத்துக்கொண்டேன். இரண்டாவதையும் கழற்றி மடித்து வைத்துவிட்டு, “உங்கூர்ல இன்னைக்கு வெயிலுங்களா?” என்று கேட்டார். வெளியே மூடுபனி, எதிர்வீடு தெரியவில்லை.

ஆனால் அவ்வளவு லேசில் விடுகிற ஆளா? எழுந்து சிம்னிக்குள் எட்டிப் பார்த்தார். முகம் மாறியது.

“அம்மிணி, ஓட்டைய அடச்சுப்போட்டீங்களா? மாசமா இருக்கறவ வர்ற வூட்ல?”

என் வீட்டுக்காரர் முன்னால் வந்து, “அடைக்கலீங்க சம்பந்தி, கதவு வெச்சிருக்குதுங்க” என்று தாழ்ப்பாளைக் காட்டினார். தெய்வானையம்மா நீக்கினார், திறந்தார், சாத்தினார். மறுபடி திறந்தார், சாத்தினார். மூன்றாம் தடவை திறந்தபோது ஒரு கைப்பிடிக் கரி அவர் முழங்கையில் விழுந்தது. “ம்... தொறக்குது” என்று ஒப்புக்கொண்டார்.

சாயங்காலம் காப்பி குடிக்கும்போதுதான் அந்த நாலங்குல ஓட்டையைக் கண்டுபிடித்தார். “இதென்னங்க, இங்கிருந்து சில்லுனு காத்து வருது? ஒரு துணியச் சுருட்டி வெச்சா இன்னும் சூடா இருக்குமல்லோ?”

“வெக்கக் கூடாதுங்க.”

“ஏனுங்க?”

நெருப்புக்குக் காற்று வேண்டும் என்று சொல்லியிருக்கலாம். பாய்க்கும் மேஸ்திரிக்கும் அதைத்தான் சொன்னேன், அது பொய்யும் அல்ல. ஆனால் அந்த அம்மா தன் மருமகளையும் பேரப்பிள்ளையையும் என்னிடம் விடலாமா என்று பார்க்கத்தான் இத்தனை தூரம் வந்திருக்கிறார். தெரிந்துகொண்டு முடிவெடுக்கட்டும் என்று தோன்றியது.

சொன்னேன். மேகலாவுக்கு அப்போது ஐந்து மாதம். ஜனவரி. குளிப்பாட்டி, சின்ன அறையில் படுக்கவைத்து, கரிச்சட்டியை உள்ளே கொண்டுவந்து வைத்தேன். ஜன்னலைச் சாத்தினேன். கதவைச் சாத்தினேன். கதவுக்கு அடியில் குளிர் வரக் கூடாது என்று சாக்கைச் சுருட்டி வைத்தேன். பக்கத்தில் படுத்து நானும் தூங்கிவிட்டேன். அன்று மழையால் கம்ப வேலை நின்றுபோய் அவர் இரண்டு மணி நேரம் முன்னதாக வீட்டுக்கு வந்தார். கூப்பிட்டுப் பார்த்துக் கதவை உதைத்தார். எங்கள் இருவரையும் இழுத்துக்கொண்டு வந்து வாசலில் மழையில் போட்டார். குழந்தை துணி மாதிரிக் கிடந்ததாம். எவ்வளவு நேரம் கழித்து அழுதாள் என்று அவர் இன்று வரை என்னிடம் சொன்னதில்லை.

“படிச்சவ நான். அந்த வாயுவைப் பத்திப் பரீட்சையில எழுதினவ. அதுக்கப்பறம் இந்த வீட்டுல குளிருக்குன்னு நெருப்பு வெச்சதில்லீங்க. உள் கதவு எதையும் சாத்தினதில்லை. மேகலாவுக்கு இது தெரியாது.”

இருபத்தெட்டு வருஷத்தில் வேறு யாரிடமும் சொல்லாதது. இந்த நோட்டிலும் எழுதாதது. சொல்லி முடித்ததும் ஸ்வெட்டர்களை எடுத்து மாட்டிக்கொள்வார் என்று எதிர்பார்த்தேன்.

தெய்வானையம்மா எழுந்து போய்க் குனிந்து அந்த ஓட்டையில் கையை வைத்துப் பார்த்தார். பிறகு சுவரில் இருந்த கருவியைக் காட்டி, இது என்ன என்றார். சொன்னேன். சோதனைப் பொத்தானை அழுத்தினார். அது அலறியதில் மூவரும் துள்ளிவிட்டோம். அடுத்ததையும் போய் அழுத்தினார். அதுவும் அலறியது.

சாப்பிட்டுவிட்டுப் படுத்துவிட்டார். நான் வழக்கம்போல அரைத்தூக்கத்தில், மற்றவர்கள் மூச்சுச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு கிடந்தேன்.

டிசம்பர் 7, ஞாயிறு

காலை ஆறு மணி. பெரிய அறை 19. சம்பந்தியம்மா போர்வையைக் காலால் உதைத்துத் தள்ளிவிட்டுத் தூங்கிக்கொண்டிருந்தார்.

இட்லி சாப்பிட உட்கார்ந்தபோது நானே கேட்டேன். “என்னங்க முடிவு பண்ணியிருக்கீங்க?”

“சூடுபட்ட பூனை அடுப்பங்கரை சேராதும்பாங்க. நீங்க அடுப்பையே வூட்டுக்குள்ள கொண்டாந்து வெச்சிருக்கீங்க, புள்ளைக்காக.” இன்னொரு இட்லி போட்டுக்கொண்டார். “எங்க வூட்ல வெச்சிருந்தா, குளிரு அடிக்குதுன்னு நானே ஒரு நாளு கரிச்சட்டிய வெச்சுக் கதவச் சாத்தியிருப்பனுங்க. எனக்கென்ன தெரியும், டிவில பாத்ததெல்லாம் நாலு நாள்ல மறந்துபோவுது. இது தெரிஞ்சவ கையிலதான் எம் மருமக இருக்கோணும். பன்னெண்டாந் தேதி வந்து கூட்டிட்டுப் போங்க.”

நான் சட்னி எடுத்துவருகிறேன் என்று சமையலறைக்குப் போனேன். சட்னி இலையில்தான் இருந்தது. என் வீட்டுக்காரரும் பின்னாலேயே வந்தார், தண்ணீர் குடிக்கவாம். இருவரும் கொஞ்ச நேரம் குழாயைத் திறந்துவைத்துக்கொண்டு நின்றோம்.

“நானும் கூட வந்து ரெண்டு நாளு இருப்பேன், ஆமா” என்று அறையிலிருந்து குரல் வந்தது.

டிசம்பர் 12, வெள்ளி

கட்டுச்சோறு. புளி, எலுமிச்சை, தேங்காய், கொத்தமல்லி, தக்காளி, எள்ளு, தயிர், சர்க்கரைப் பொங்கல், ஒன்பதாவதாகக் கேப்பைக் களியைத் தவிர என்ன வேண்டுமானாலும் என்று மேகலா சொன்னதால் பருப்புச் சோறு. இரண்டு கை நிறைய வளையல். பொள்ளாச்சிப் பெண்கள் எல்லோரும் சாப்பிட்டுவிட்டு, அடுப்பைப் பற்றி என்னிடமே விசாரித்தார்கள். தெய்வானையம்மா அவர்களுக்கு ஏற்கெனவே கதையை விநியோகித்திருந்தார். அடுப்புக் கதை மட்டும். மற்றதை அவர் யாரிடமும் சொல்லவில்லை.

இருட்டும் முன் மேலே வந்து சேர்ந்தோம். மதியத்திலிருந்து என் வீட்டுக்காரர் இங்கேயே இருந்து அடுப்பை எரியவைத்திருந்தார். மேகலா உள்ளே வந்து அப்படியே நின்றாள். சால்வை தோளிலிருந்து நழுவியது.

“இது நம்ம வீடாம்மா?”

நாற்காலியில் உட்கார்ந்து, செருப்பில்லாத காலைத் தரையில் வைத்துப் பார்த்தாள். பள்ளிக்கூடம் போகும்போது இந்தத் தரையில் கால் வைக்காமல் கட்டிலிலிருந்து பாய்க்கும் பாயிலிருந்து செருப்புக்கும் தாவிய பெண்.

“நான் சின்னதா இருக்கறப்பவே ஏம்மா இதைப் போடலை?”

தெய்வானையம்மா வெற்றிலையை மடித்துக்கொண்டிருந்தார். தலையை நிமிர்த்தவில்லை.

“அப்ப இப்படிப் போடத் தெரியலை கண்ணு” என்றேன். உண்மைதான்.

மேகலாவுக்கும் எனக்கும் பெரிய அறையில் படுக்கை, சம்பந்தியம்மாவுக்குச் சின்ன அறை, என் வீட்டுக்காரருக்குச் சமையலறை. தலையணையைப் போட்டதும் மேகலா சொன்னாள், “கதவைச் சாத்தும்மா. சூடெல்லாம் சமையக்கட்டுக்குப் போகுது.”

அவர் சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்தார். நான் ஓட்டையைப் பார்த்தேன், காற்று வந்துகொண்டிருந்தது. கருவிகளைப் பார்த்தேன், பூஜ்யம், பூஜ்யம். தகட்டைப் பார்த்தேன். ஓரிடத்திலும் வெடிப்பில்லை.

கதவைச் சாத்தினேன்.

டிசம்பர் 13, சனி

மணி எட்டரைக்கு எழுந்தேன். மேகலா என் பக்கத்தில் உட்கார்ந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தாள். சம்பந்தியம்மா காப்பியோடு நின்றார்.

“அம்மா, நீ குறட்டை விடுவியா? பொறந்ததுல இருந்து உன் பக்கத்துல படுத்திருக்கேன், ஒரு நாள்கூட நான் கேட்டதில்லையே. ராத்திரி பூரா ரயில் ஓடுது.”

“நானெல்லாம் குறட்டை விடமாட்டேன்” என்றேன்.

“எஞ் சின்ன ரூமு வரைக்கும் கேட்டுச்சுங்க” என்றார் தெய்வானையம்மா.

அவர்கள் இருவரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அவர் மட்டும் சிரிக்கவில்லை. கதவு நிலையில் சாய்ந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தவர், துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, விறகு எடுத்துவருகிறேன் என்று வெளியே போனார்.